தராசு அறியாத தரம்

சந்தைக்குப் பழம் வாங்கச் செல்லும் ஒரு தாயைக் கவனித்துப் பாருங்கள். வாழைச் சீப்பை எடுத்தவுடன் அவள் எடையைக் கேட்பதில்லை. காம்பைப் பார்க்கிறாள், தோலைப் பார்க்கிறாள், மெல்ல அழுத்திப் பார்க்கிறாள், மூக்கின் அருகே கொண்டு சென்று முகர்ந்து பார்க்கிறாள். இவ்வளவும் முடிந்த பின்னரே விலை பேசுகிறாள். வாங்குவோர் இத்தனை சோதனைகள் செய்யும் பொருளை, விளைவிப்போராகிய நாம் எவ்வாறு கொள்முதல் செய்கிறோம்? குலை வருகிறது, தராசில் ஏறுகிறது, எடை எழுதப்படுகிறது, பணம் கொடுக்கப்படுகிறது. முற்ற விளைந்த குலைக்கும் ஒரே விலை, அவசரமாக வெட்டிய குலைக்கும் ஒரே விலை. இம்முறை மாறவேண்டும் என்பதே நாம் இங்கு சொல்ல விரும்புவது.

இதனை இப்பொழுது எழுதக் காரணம் உண்டு. சென்ற கோடையில் நம் பகுதியிலிருந்து வெளியூர்க் கடை ஒன்றிற்கு அனுப்பப்பட்ட மட்டிக் குலைகளில் ஒரு பகுதி திரும்பி வந்தது. நாமும் அதைப் பிரித்துப் பார்த்தோம். தோல் மஞ்சளாகவே இருந்தது. உரித்தால் நடுவில் கட்டி. வாயில் இட்டால் துவர்ப்பு. மணம் என்பதே இல்லை. அந்தக் குலைகளை வெட்டியவர்களும் நம்மவர்களே. எடை போட்டு ஏற்றுக்கொண்டவர்களும் நம்மவர்களே. எவர் மீதும் குற்றம் சாட்டுவது நமது நோக்கமன்று. ஆயினும் அன்று அந்தக் கடைக்காரர் கேட்ட கேள்வி நம் நெஞ்சை விட்டு அகலவில்லை. “இதற்குப் பெயர்தான் மட்டியா?” என்று அவர் கேட்டார்.

மட்டி நமக்கு வெறும் வாழைப்பழம் அன்று. கல்குளம், விளவங்கோடு பகுதிகளில் தலைமுறை தலைமுறையாக, குழந்தைக்கு முதன்முதலில் ஊட்டும் பழம் அது. தேன் மட்டி, நெய் மட்டி, கல் மட்டி என்று அதன் வகைகளுக்கு நம் முன்னோர் இட்ட பெயர்களே அவர்கள் சுவையை எவ்வளவு நுணுக்கமாக அறிந்திருந்தனர் என்பதைக் காட்டும். 2023ஆம் ஆண்டில் ‘கன்னியாகுமரி மட்டி வாழை’ என்னும் பெயருக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. வேறு ஊர்ப் பழத்தை இப்பெயரிட்டு விற்பதைத் தடுக்க அக்குறியீடு நமக்கு உதவும். ஆனால் நம் ஊர்ப் பழத்தையே நாம் கெடுத்து விற்றால் அதைத் தடுக்க எந்தக் குறியீட்டாலும் இயலாது. வெளியாரால் ஒரு பெயர் கெடுவது அரிது. உள்ளவராலேயே அது பெரும்பாலும் கெடுகிறது.

முதலில் ஒரு தெளிவு வேண்டும். விளைதல் வேறு, பழுத்தல் வேறு. விளைதல் மரத்தில் நடப்பது. அது மரம் தரும் உணவால் நிறைவது. பழுத்தல் அதன் பின்னர் நடப்பது. மரத்திலும் நடக்கலாம், வீட்டிலும் நடக்கலாம். விளையாத காயையும் ஏதேனும் செய்து மஞ்சளாக்கிவிடலாம். ஆனால் மரம் கொடாத இனிப்பை மனிதன் கொடுக்க முடியாது. “பிஞ்சிலே பழுத்தது” என்று நம் பெரியோர் ஏளனமாகச் சொல்வது இதனை அறிந்துதான்.

வாழைக்காயில் நிறைந்திருப்பது மாவுச்சத்து. நன்கு விளைந்த பச்சைக் காயின் சதையில் நூற்றுக்கு 20 பங்கிற்குக் குறையாமல் மாவுச்சத்து இருக்கும். பழுக்கும்போது அதில் பெரும்பகுதி சர்க்கரையாக மாறிவிடுகிறது. முழுதும் விளையுமுன் வெட்டினால் மாவும் குறைவு, ஆகவே சர்க்கரையும் குறைவு, பழமும் சுருங்கிப்போகும். மாங்காயும் சக்கையும் இவ்வகையைச் சேர்ந்தவை. இவற்றை முற்றிய பின் பச்சையாக வெட்டி வீட்டில் பழுக்க வைப்பதில் குற்றம் ஒன்றுமில்லை.

அன்னாசி இதற்கு மாறானது. அதில் சர்க்கரையாக மாறத்தக்க மாவு சேர்ந்திருப்பதில்லை. வெட்டிய நாளில் எவ்வளவு இனிப்போ, அவ்வளவே எப்போதும். மேல் தோல் பின்னர் நிறம் மாறலாம். உள்ளே இனிப்பு கூடாது. இளம் ரப்பர்த் தோட்டங்களில் ஊடுபயிராக அன்னாசி பயிரிடும் அன்பர்கள் இதனை மனத்திற்கொள்ளவேண்டும். திராட்சையும் ஆரஞ்சும் இத்தகையனவே.

இவ்விரண்டிற்கும் இடையில் நிற்பது பிளம்ஸ் பழம். அது நம் மாவட்டத்தில் விளைவதன்று. நீலகிரியிலும் கொடைக்கானல் மலையிலும் விளைந்து கோடையில் நாகர்கோவில் கடைகளுக்கு வருகிறது. அதைக் கொண்டு நாம் கற்கவேண்டிய பாடம் ஒன்று உண்டு. பிளம்ஸ் வெட்டிய பின்னும் மெதுவாகும். புளிப்பும் சிறிது தணியும். ஆனால் அதில் மாவுச்சத்து மிகக் குறைவாதலின் இனிப்பு பெரிதாகக் கூடுவதில்லை. மேலும், உண்மையாகப் பழுக்குமுன்பே அதன் தோல் சிவந்துவிடுகிறது. சிவப்பைக் கண்டு வாங்குவோர் ஏமாறுவர். அனுபவமுள்ளோர் சிவப்பைப் பார்ப்பதில்லை. காம்படியில் பச்சை மாறி மஞ்சள் கண்டிருக்கிறதா, நுனிப்பக்கம் விரலுக்குச் சற்றே இடம் கொடுக்கிறதா, மணம் இருக்கிறதா என்று பார்ப்பர். தோலின் மீது மெல்லிய வெண்பொடி கலையாமல் இருந்தால் பலர் கைபட்டு உருளாத பழம் என்று அறிவர். நிறம் மட்டும் தரத்திற்குச் சாட்சியாகாது என்பதே பிளம்ஸ் கற்பிக்கும் பாடம்.

இனி, நம் தோட்டத்துப் பழங்களின் விளைச்சலை மரத்திலேயே அறியும் வழிகளைக் காண்போம். இவற்றில் பல நம் தாத்தாமார் அறிந்தவை, நாம் மறந்துவருபவை.

வாழைக்காய் இளமையில் விளிம்பு விளிம்பாகக் கோணத்துடன் இருக்கும். விளைய விளைய அவ்விளிம்புகள் மழுங்கி, காய் உருண்டு திரளும். காயின் நுனியில் காய்ந்து நிற்கும் பூ, விரல் பட்டவுடன் எளிதில் உதிரும். தொலைவான ஊருக்குச் செல்லும் குலையை விளிம்பு இன்னும் சிறிது தெரியும் முக்கால் விளைச்சலில் வெட்டலாம். உள்ளூர்ச் சந்தைக்குரியதை முழுதும் திரண்ட பின்னரே வெட்டவேண்டும். ஏத்தனை உப்பேரிக்குக் கொடுப்போர், பச்சையாகத்தானே கொடுக்கிறோம் என்று இளங்காயைக் கொடுத்துவிடலாகாது. ஓணச் சமயத்தில் விலை ஏறும்போது இந்த ஆசை மிகுகிறது. பச்சை என்பது நிறம். இளமை என்பது குறை. விளையாத ஏத்தனில் மாவு போதாமையால் உப்பேரி சோடை போகும்.

மாங்காயில் காம்பின் இருபுறமும் தோள் போலச் சதை உயர்ந்து, காம்பு பள்ளத்தில் நிற்பதுபோல் தோன்றும். மரத்தில் ஓரிரு பழங்கள் தாமாகப் பழுத்து விழத் தொடங்குவதும் ஓர் அடையாளம். ஐயமிருந்தால் ஒரு வாளித் தண்ணீரில் இட்டுப் பார்க்கலாம். முற்றிய காய் பெரும்பாலும் அமிழும், முற்றாதது மிதக்கும். பறிக்கும்போது காம்பைச் சிறிது விட்டுப் பறித்தால் பால் வடிந்து தோல் கருகாது. சக்கையில் முள் இளமையில் நெருங்கி நிற்கும். விளைந்தபின் இடைவெளி விட்டு மழுங்கும். தட்டினால் கனத்த மந்தமான ஓசை எழும். அன்னாசியில் கண்கள் தட்டையாகி, அடிப்பாகத்தில் மஞ்சள் ஏறத் தொடங்கும்.

கருவிகளும் இல்லாமலில்லை. பழத்தை எவ்வளவு அழுத்தினால் சதை இடம் கொடுக்கிறது என்று அளக்கும் கருவியை 1925ஆம் ஆண்டிலேயே அமெரிக்க வேளாண்மைத் துறையைச் சேர்ந்த மாக்னஸ், டெய்லர் என்னும் இருவர் சீர்படுத்தி வெளியிட்டனர். ஒரு சொட்டுச் சாற்றைக் கண்ணாடியில் இட்டு அதன் இனிப்பை அளக்கும் கையடக்கக் கருவியும் இன்று எளிதில் கிடைக்கிறது. அன்னாசிக்கு அது பெரிதும் உதவும். ஆனால் பச்சை வாழைக்காயில் அதனைக் கொண்டு பயனில்லை. மாவு இன்னும் சர்க்கரையாகாததால் நல்ல காயும் தாழ்ந்ததாகவே அதில் தோன்றும். ஆகவே கருவி வாங்கினால் போதும் என்று நினைத்தலும் தவறு. எந்தப் பழத்திற்கு எந்தச் சோதனை என்று அறிந்த மனிதர் வேண்டும்.

பழுக்க வைக்கும் முறையைப் பற்றியும் ஒரு சொல். மாங்காயை வைக்கோலில் பொதிந்து பத்தாயத்தில் வைத்துப் பழுக்க வைத்தனர் நம் வீட்டு முதியோர். அது மூடத்தனம் அன்று. பழுக்கும் காய் எத்திலீன் என்னும் வாயுவைத் தானே வெளியிடுகிறது என்பதை 1934ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் ரிச்சர்டு கேன் என்பவர் நிறுவினார். மூடிய இடத்தில் அவ்வாயு வெளியே போகாமல் நின்று மற்றக் காய்களையும் பழுக்கச் செய்கிறது. அதே வாயுவை அளவோடு செலுத்திப் பழுக்க வைக்கும் அறைகள் இன்று உள்ளன. பத்து லட்சத்தில் 100 பங்கு வரை எத்திலீன் வாயுவைப் பயன்படுத்த 2016ஆம் ஆண்டில் நம் நாட்டின் உணவுப் பாதுகாப்பு ஆணையம் இசைவளித்தது. ஆனால் கார்பைடு கல்லை வைத்துப் பழுக்க வைப்பது சட்டத்தால் தடுக்கப்பட்டது. அக்கல் ஈரம் பட்டால் அசிட்டிலீன் வாயுவை வெளியிடும். அதனுடன் ஆர்சனிக், பாஸ்பரஸ் ஆகிய நச்சுப் பொருள்களின் சுவடும் கலந்து வரக்கூடும். குழந்தைக்கு முதலில் ஊட்டும் பழத்தில் இதனைச் சேர்ப்பது எவ்வளவு கொடிது என்பதைச் சொல்லவேண்டுவதில்லை.

கல்லை வைப்பவரை மட்டும் பழிப்பதில் பயனில்லை. விளைந்த காய் இரண்டு மூன்று நாள் மூடிவைத்தாலே பழுத்துவிடும். அதற்குக் கல் வேண்டுவதில்லை. கல்லின் தேவை பெரும்பாலும் இளங்காயிலிருந்தே பிறக்கிறது. ஆகவே அக்கேட்டின் வேர் வியாபாரியின் கிடங்கில் மட்டும் இல்லை. நம் வெட்டுக்கத்தியிலும் இருக்கிறது.

நம்மவர் ஏன் இளங்குலையை வெட்டுகின்றனர்? பேராசையால் என்று சொல்வது எளிது, அது உண்மையன்று. முதற் காரணம் காற்று. 2017ஆம் ஆண்டு நவம்பர் 30ஆம் நாள் ஒக்கிப் புயல் வீசியபோது, விளைந்து நின்ற வாழைத் தோட்டங்கள் ஒரே நாளில் சாய்ந்ததை நம்மில் எவரும் மறக்கமாட்டோம். அன்று பத்து நாள் முன்னர் வெட்டியவர் பிழைத்தார், பொறுத்திருந்தவர் இழந்தார். ஆடிக் காற்றிலும் ஆண்டுதோறும் இந்த அச்சம் உண்டு. இரண்டாம் காரணம் கடன். பிள்ளைகளின் பள்ளிக் கட்டணமும் உரக்கடைப் பாக்கியும் குலை விளையும்வரை காத்திருப்பதில்லை. குலை தள்ளியவுடனே முன்பணம் கொடுத்துத் தோட்டத்தைப் பிடித்துக்கொள்ளும் தரகர், தமக்கு விலை உகந்த நாளில் வெட்டிச் செல்கிறார். மூன்றாம் காரணம் நாமே. பொறுத்திருந்தவருக்கும் அவசரப்பட்டவருக்கும் கிலோவுக்கு ஒரே விலை கொடுக்கும் சங்கம், பொறுமைக்குத் தண்டனை விதிக்கிறது.

ஆதலின் மகாசபையின் பார்வைக்குச் சில யோசனைகளை முன்வைக்கிறோம்.

முதலாவது, குலை தள்ளிய வாரத்தை மறவாதிருக்க ஒவ்வொரு குலையிலும் நிறநூல் கட்டவேண்டும். ஒரு வாரத்திற்குச் சிவப்பு, அடுத்த வாரத்திற்கு நீலம், அதற்கடுத்து மஞ்சள் என்று முறை வைத்துக்கொள்ளலாம். வெளிநாடுகளில் ஏற்றுமதி வாழைத் தோட்டங்களில் நிறநாடா கட்டி இவ்வாறே வயதை அறிகின்றனர். நமக்கு நாடா விலைக்கு வாங்கவேண்டிய தேவையில்லை. நம் நெசவாள அங்கத்தினர் தறிகளில் சாயமேற்றிய கழிவு நூல் எவ்வளவோ மிஞ்சுகிறது. அதைச் சிறு விலைக்குச் சங்கம் வாங்கித் தோட்டக்காரருக்குக் கொடுக்கட்டும். மழைக்கும் வெயிலுக்கும் மண்ணுக்கும் ஏற்ப விளைச்சல் நாள் மாறுமாதலால், எந்த வாரத்து நூல் எப்போது வெட்டப்பட்டது என்று ஓராண்டு எழுதி வந்தால் நம் ஊருக்கே உரிய கணக்கு நமக்குக் கிடைத்துவிடும்.

இரண்டாவது, கொள்முதல் இடத்தில் எடைக்கு முன் தரம் பார்க்கவேண்டும். குலையின் இரண்டாம் சீப்பில் ஒரு காயை எடுத்து, விளிம்பையும் நுனிப்பூவையும் நூலின் நிறத்தையும் பார்த்து மூன்று தரமாகப் பிரிக்கலாம். முதல் தரத்திற்கு நூற்றுக்கு 10 ரூபாய் கூடுதலும், மூன்றாம் தரத்திற்கு நூற்றுக்கு 15 ரூபாய் குறைவும் வைத்துப் பார்ப்போம். அளவுகளைச் சபை மாற்றட்டும். வேறுபாடு மட்டும் இருக்கட்டும்.

மூன்றாவது, நிறநூல் கட்டிய நாளிலேயே குலைகளின் மதிப்பில் பாதிக்கு மிகாமல் சங்கம் முன்பணம் தரவேண்டும். தரகர் செய்வதைச் சங்கம் ஏன் செய்யலாகாது? முன்பணம் கையிலிருந்தால் காத்திருக்க மனம் வரும். காற்றுச் சேதத்திற்கென ஒவ்வொரு கொள்முதலிலும் சிறு தொகை பிடித்துத் தனி நிதியாக வைப்பதும் அவசியம். ஒருவர் தோட்டம் சாய்ந்தால் எல்லோரும் தாங்குவதற்குத்தானே கூட்டுறவு?

நான்காவது, கார்பைடு பயன்படுத்தும் எவருக்கும் நம் பழத்தை விற்பதில்லை என்று தீர்மானம் செய்யவேண்டும். பழுக்க வைக்கும் அறை ஒன்றை நாமே அமைக்கவோ, அருகிலுள்ள சங்கத்தோடு சேர்ந்து அமைக்கவோ வழி தேடவேண்டும்.

இவற்றிற்கு எதிர்வாதங்கள் எழும் என்பதை அறிவோம். “தரம் பார்ப்பவர் தமக்கு வேண்டியவருக்கு முதல் தரமும் வேண்டாதவருக்கு மூன்றாம் தரமும் போடுவார்” என்பர் சிலர். இந்த ஐயம் நியாயமானதே. அதனால்தான் தரம் பார்ப்பது ஒருவர் கையில் இருத்தலாகாது. அங்கத்தினரில் இருவர் மாதமுறை வைத்துப் பார்க்கட்டும். குலைக்குரியவர் எதிரிலேயே பார்க்கட்டும். காரணத்தைச் சொல்லி எழுதட்டும். மறுப்பு உண்டானால் அக்குலையில் ஒரு சீப்பைத் தனியே பழுக்க வைத்து, பின்னர் எல்லோரும் சுவைத்துத் தீர்ப்பளிக்கட்டும். பழத்தின் வழக்கில் நாவைவிட நேர்மையான நீதிபதி இல்லை.

“இது சிறு விவசாயிக்குப் பாரம்” என்பர் வேறு சிலர். அவர்களை நம் நெசவாள அன்பர்களிடம் அனுப்ப விரும்புகிறோம். வடசேரியிலும் இரணியலிலும் தறி நெய்வோர், சங்கத்தில் துணியை ஒப்படைக்கும்போது என்ன நடக்கிறது? நீளம் அளக்கப்படுகிறது; அகலம் அளக்கப்படுகிறது; அங்குலத்திற்கு எத்தனை இழை என்று கண்ணாடி வைத்து எண்ணப்படுகிறது; இழை விட்ட இடம் இருந்தால் கூலி குறைகிறது. எடைக்கு மட்டும் கூலி என்றிருந்தால் துணியில் கஞ்சியே மிஞ்சியிருக்கும். நெசவாளர் இச்சோதனையைப் பல்லாண்டாக ஏற்று வருகின்றனர். தோட்டக்காரர் மட்டும் விலக்குக் கேட்பது முறையாகுமா?

1844ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் ராச்டேல் நகரில் கூட்டுறவுக் கடை திறந்தவர்களில் பலர் நெசவாளர்களே. சரியான எடையோடு கலப்படமற்ற பொருள் என்பதே அவர்கள் கடைக்குப் பெயர் தந்தது. எடையில் மட்டும் நேர்மை போதாது, பொருளிலும் நேர்மை வேண்டும் என்பதை அவ்வேழைத் தொழிலாளர் அன்றே கண்டனர். இன்று நம் தராசு சரியாகவே இருக்கிறது. அதில் ஏறும் குலைதான் சரியாக இருக்கவேண்டும்.

அடுத்த மகாசபை கூடுமுன் ஒவ்வோர் அங்கத்தினரும் ஒரு காரியம் செய்யவேண்டுகிறோம். தம் தோட்டத்தில் ஒரு மட்டிக் குலைக்கு மட்டுமேனும் நூல் கட்டி, முழுதும் விளையும்வரை பொறுத்து, வீட்டிலேயே பழுக்க வைத்துப் பாருங்கள். அதனோடு வழக்கம்போல் முன்னரே வெட்டிய குலையின் பழத்தையும் வைத்து, வீட்டுக் குழந்தையின் முன் இரண்டையும் நீட்டுங்கள். அக்குழந்தை எதை இரண்டாம் முறை கேட்கிறதோ, அதற்கே சங்கம் கூடுதல் விலை தரவேண்டும் என்று நாம் கேட்கிறோம்.